ஸ்பெயின் அரியணை யாருக்கு? அரசுரிமை குறித்து அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

ஸ்பெயினின் அரச வரலாற்றைப் படிக்கத் தொடங்குபவர்களை முதலில் குழப்புவது, அடுத்த மன்னர் யார் என்ற கேள்விக்கு அங்கே ஒரே விடை நீண்ட காலம் நிலைத்ததில்லை என்பதுதான். வாரிசுரிமைச் சட்டங்களுக்குக் குறைவில்லை. ஆனால் அவற்றில் பல, யார் ஆள வேண்டும் என்று முடிவான பின்னர் அந்த முடிவுக்குப் பொருந்தும்படி எழுதப்பட்டவை. கீழே உள்ள விடைகளை அந்தக் கோணத்திலேயே எழுதியிருக்கிறேன். பெயர்கள் ஸ்பானிய ஒலிப்பில் தரப்பட்டுள்ளன. பாடநூல்களில் ஃபெர்டினாண்ட், பிலிப், சார்லஸ் என்று வருபவர்கள் இங்கே ஃபெர்னாண்டோ, ஃபெலிப்பே, கார்லோஸ் என்று வருவார்கள்.

இன்று ஸ்பெயினின் அரசுரிமை எந்தச் சட்டத்தின்படி செல்கிறது?

1978ஆம் ஆண்டு அரசமைப்புச் சட்டத்தின் 57ஆவது பிரிவின்படி. அப்பிரிவு முதலாம் ஹுவான் கார்லோஸை வரலாற்று அரச மரபின் முறையான வாரிசு என்று பெயர் சொல்லிக் குறிப்பிட்டு, அரியணை அவருடைய வழித்தோன்றல்களுக்கே செல்லும் என்கிறது. இளைய கிளையைவிட மூத்த கிளைக்கும், ஒரே கிளைக்குள் தூரத்து உறவைவிட நெருங்கிய உறவுக்கும், ஒரே நெருக்கமுள்ளவர்களில் பெண்ணைவிட ஆணுக்கும், ஒரே பாலினத்தவரில் மூத்தவருக்கும் முன்னுரிமை உண்டு. மன்னரும் நாடாளுமன்றமும் வெளிப்படையாகத் தடை செய்த திருமணத்தைச் செய்துகொள்பவர் தம் உரிமையையும் தம் பிள்ளைகளின் உரிமையையும் இழப்பார். எல்லாக் கிளைகளும் அற்றுப்போனால், நாட்டின் நலனுக்கு ஏற்றதெனத் தோன்றும் வகையில் நாடாளுமன்றமே ஏற்பாடு செய்யும்.

ஆணுக்கு முன்னுரிமை என்றால் இளவரசி லியோனோர் எப்படிப் பட்டத்து வாரிசானார்?

அவருக்குச் சகோதரர் இல்லை என்பதால் மட்டுமே. ஆறாம் ஃபெலிப்பேவுக்கு 2005இல் பிறந்த லியோனோர், 2007இல் பிறந்த சோஃபியா என்று இரண்டு மகள்கள். நாளை ஒரு மகன் பிறந்தால், சட்டத்தின் சொற்படி அவரே வாரிசாவார். ஃபெலிப்பேவே அப்படி வந்தவர்தான்: 1963இல் பிறந்த எலேனாவும் 1965இல் பிறந்த கிறிஸ்தினாவும் அவருக்கு மூத்த சகோதரிகள், 1968இல் பிறந்த கடைக்குட்டியான அவர் இருவரையும் தாண்டி முன்னால் வந்தார். அரசமைப்பு நிறைவேறுவதற்கு முன்பே, 1977 ஜனவரியில், அவருக்கு வாரிசுக்குரிய அஸ்தூரியாஸ் இளவரசர் பட்டம் வழங்கப்பட்டுவிட்டது. பின்னால் எழுதப்பட்ட 57ஆவது பிரிவு அந்த ஏற்பாட்டைக் கலைக்காதபடி அமைந்தது.

இந்த முன்னுரிமையை நீக்க வேண்டும் என்பதில் பெரிய கட்சிகளுக்கிடையே நெடுங்காலமாகவே பெரிய கருத்து வேறுபாடு இல்லை. இருந்தும் அது நீடிப்பதற்குக் காரணம் 168ஆவது பிரிவு. முடியரசு பற்றிய பகுதியில் கைவைக்க வேண்டுமானால், இரு அவைகளிலும் மூன்றில் இரண்டு பங்கு ஆதரவு பெற்று, உடனே நாடாளுமன்றத்தைக் கலைத்து, தேர்தல் நடத்தி, புதிய அவைகளிலும் மூன்றில் இரண்டு பங்கு ஆதரவு பெற்று, அதன் பிறகு பொது வாக்கெடுப்புக்கும் விட வேண்டும். அந்த வாக்கெடுப்பு முடியரசு வேண்டுமா வேண்டாமா என்ற வாக்கெடுப்பாக மாறிவிடலாம் என்ற அச்சம் எந்த அரசாங்கத்துக்கும் இருக்கத்தான் செய்யும்.

பழைய ஸ்பெயினில் பெண்கள் ஆளலாமா?

ஸ்பெயின் என்ற ஒற்றை அரசு அப்போது இல்லை; எந்த அரசைப் பற்றிக் கேட்கிறோம் என்பதைப் பொறுத்தே விடை மாறும். கஸ்தீலியாவில், மகன் இல்லாதபோது மகள் ஆளலாம். 1109 முதல் 1126 வரை உர்ராக்கா தம் சொந்த உரிமையில் ஆண்டார். அரகோனில் நிலைமை வேறு. பெண் வழியாக உரிமை அவளுடைய மகனுக்குச் செல்லலாம், அவள் அமர்ந்து ஆள்வதற்கோ எதிர்ப்பு வலுவாக இருந்தது. இந்த வேறுபாடு 1498இல் வெளிப்படையாகத் தெரிந்தது. கஸ்தீலிய அரசி இசபெல், அரகோன் மன்னர் ஃபெர்னாண்டோ இணையரின் மூத்த மகளை வாரிசாக ஏற்று உறுதிமொழி எடுக்கச் சரகோசாவில் கூடிய கோர்த்தெஸ் என்னும் பிரதிநிதிகள் அவை தயங்கியது. கருவுற்றிருந்த அவருக்கு மகன் பிறக்கட்டும் என்று காத்திருந்தது. மகன் பிறந்தான், தாய் பேறுகாலத்திலேயே இறந்தார், அவை அந்தக் கைக்குழந்தைக்கு உறுதிமொழி எடுத்தது.

இசபெல் கஸ்தீலியாவின் முறையான அரசிதானா?

அவர் வென்றதால் முறையானவர் ஆனார் என்பதே நேர்மையான விடை. மன்னர் நான்காம் என்ரிக்கேயின் தந்தைக்கு வேறு மனைவியிடம் பிறந்த சகோதரி இசபெல். மன்னருக்கு ஹுவானா என்ற மகள் இருந்தாள். அவள் மன்னருக்குப் பிறந்தவள் அல்ல, அரசவையில் செல்வாக்குப் பெற்றிருந்த பெல்த்ரான் தே லா குயேவாவுக்குப் பிறந்தவள் என்று பகைவர்கள் பரப்பிய பேச்சினால், 'லா பெல்த்ரானேஹா' என்ற வசைப்பெயர் அவளுக்கு இன்றுவரை ஒட்டிக்கொண்டிருக்கிறது. அந்தப் பேச்சுக்குச் சான்று எதுவும் இல்லை. ஆனால் எதிர்க்கட்சிப் பிரபுக்களுக்குச் சான்று தேவைப்படவும் இல்லை.

1468இல் தோரோஸ் தே கிசாந்தோ என்ற இடத்தில் செய்துகொண்ட உடன்பாட்டில் என்ரிக்கே, தம் சம்மதத்துடன்தான் திருமணம் செய்ய வேண்டும் என்ற நிபந்தனையோடு, இசபெலை வாரிசாக ஏற்றார். அடுத்த ஆண்டே இசபெல் வயாதோலிதில் அரகோன் இளவரசர் ஃபெர்னாண்டோவை மன்னருக்குத் தெரியாமல் மணந்தார். உறவினர்களான அவர்கள் மணம்புரியத் திருத்தந்தையின் அனுமதி வேண்டும். திருமணத்தின்போது காட்டப்பட்ட அனுமதி ஆவணம் போலியானது, உண்மையான அனுமதி 1471இல்தான் வந்தது. கோபமுற்ற என்ரிக்கே மீண்டும் மகளையே வாரிசாக அறிவித்தார். 1474 டிசம்பரில் அவர் இறந்த செய்தி கிடைத்ததும், கணவர் அரகோனில் இருந்து திரும்பும்வரைகூடக் காத்திராமல், இசபெல் செகோவியாவில் தம்மை அரசியாகப் பறைசாற்றிக்கொண்டார். முந்திக்கொள்வதன் மதிப்பை அவரளவுக்கு உணர்ந்தவர்கள் அந்தக் காலத்தில் குறைவு.

ஹுவானாவின் பக்கம் போர்த்துகல் மன்னர் ஐந்தாம் அஃபோன்சோ நின்றார். தம் சகோதரியின் மகளான அவளை மணக்கவும் முன்வந்தார். 1476இல் தோரோவில் நடந்த சண்டையில் வெற்றி யாருக்கு என்பது தெளிவாகவில்லை என்றாலும், அதைப் பெருவெற்றி என்று நாடெங்கும் அறிவித்துக் கோர்த்தெஸைக் கூட்டி, தம் மகளை வாரிசாக ஏற்கச் செய்தது இசபெலின் அரசியல் திறமை. 1479இல் அல்காசொவாஸ் உடன்படிக்கையுடன் போர் முடிந்தது. ஹுவானா போர்த்துகலில் கன்னியர் மடத்துக்குச் சென்றாள். 1530இல் இறக்கும்வரை 'நான், அரசி' என்றே அவள் கையொப்பமிட்டு வந்ததாகச் சொல்வார்கள்.

'பித்துப்பிடித்த ஹுவானா' உண்மையிலேயே ஆளத் தகுதியற்றவராக இருந்தாரா?

இது பெல்த்ரானேஹாவைப் பற்றியதல்ல. இசபெலின் சொந்த மகள் ஹுவானாவைப் பற்றிய கேள்வி. அவர் அரியணைக்கு வந்ததே சாவுகளின் வரிசையால்தான். ஒரே சகோதரர் ஹுவான் 1497இல் இறந்தார். மூத்த சகோதரி 1498இல் இறந்தார். கோர்த்தெஸ் உறுதிமொழி எடுத்த அந்தக் குழந்தை மிகேல் 1500இல் இறந்தது. 1504இல் இசபெல் தம் உயில் மூலம், மகள் ஆள விரும்பாவிட்டாலோ இயலாவிட்டாலோ ஃபெர்னாண்டோ ஆட்சியைக் கவனிக்கலாம் என்று ஒரு வழியைத் திறந்து வைத்துவிட்டுச் சென்றார். அந்த ஒற்றை நிபந்தனைதான் பின்னால் நடந்தவற்றுக்கெல்லாம் கதவானது.

ஹுவானாவுக்கு ஆழ்ந்த மனச்சோர்வும் சினமும் பட்டினி கிடக்கும் வழக்கமும் இருந்தன என்பதில் ஐயமில்லை. ஆனால் அவர் இயலாதவர் என்று தீர்ப்பளித்தவர்கள் யார் என்று பார்க்க வேண்டும். 1506இல் வியாஃபாஃபிலாவில் கணவர் ஃபெலிப்பேயும் தந்தை ஃபெர்னாண்டோவும் ஒருவரோடொருவர் அதிகாரத்துக்குப் போராடிக்கொண்டிருந்தபோதும், ஹுவானாவை ஆட்சியிலிருந்து விலக்குவதில் மட்டும் உடன்பட்டார்கள். அதே ஆண்டில் கணவர் இறந்தார். 1509இல் தந்தை அவரைத் தோர்தெசியாஸ் மாளிகையில் அடைத்தார். 1516இல் தந்தை இறந்ததும், மகன் கார்லோஸ் ஃப்லாந்தர்ஸிலிருந்து தம்மைத் தாயுடன் சேர்ந்த மன்னராக அறிவித்துக்கொண்டார், தாயை விடுவிக்கவில்லை. 1520இல் கார்லோஸுக்கு எதிராகக் கிளர்ந்த கஸ்தீலிய நகரங்களின் படையினர் தோர்தெசியாஸுக்கே வந்து, ஒரு கையொப்பம் போதும் என்று கெஞ்சியும் அவர் இடவில்லை. இட்டிருந்தால் அவர் மகனின் ஆட்சி நிலைத்திருக்குமா என்பது ஐயமே. 1555இல் இறக்கும்வரை சட்டப்படி அரசி அவர்தான். ஆவணங்களில் அவர் பெயர் மகன் பெயருக்கு முன்னே எழுதப்பட்டது. ஏறத்தாழ அரை நூற்றாண்டு, நாட்டின் சட்டப்படியான அரசி நாட்டின் கைதியாக இருந்தார்.

மூன்று தலைமுறை ஆண்களுக்கும் அவருடைய நோய் வசதியாக இருந்தது என்பதைக் கணக்கில் எடுக்காமல் அந்த நோயைப் பற்றிப் பேசுவது எனக்கு உடன்பாடில்லை.

அப்போது ஸ்பெயின் மீண்டும் இரண்டாகப் பிரிந்திருக்கக்கூடுமா?

பிரிந்திருக்கும். மனைவியை இழந்த ஃபெர்னாண்டோ, ஜெர்மேன் தே ஃபுவாவை மணந்தார். 1509இல் பிறந்த அவர்களுடைய மகன் சில மணி நேரமே உயிர் வாழ்ந்தான். பிழைத்திருந்தால் அரகோன் அவனுக்குப் போயிருக்கும், கஸ்தீலியா ஹுவானாவின் பிள்ளைகளோடு நின்றிருக்கும்.

போர்த்துகல் எப்படி ஸ்பெயின் மன்னரின் கைக்கு வந்தது?

1578இல் இளம் மன்னர் செபஸ்தியாவ் மொரோக்கோ மண்ணில் அல்காசர் கிபிர் போரில் வாரிசின்றி மடிந்தார். அவருக்குப் பின் வந்த முதிய கர்தினால் என்ரிக்கேயும் 1580இல் இறந்தார். ஸ்பெயினின் இரண்டாம் ஃபெலிப்பே, தம் தாய் வழியில் போர்த்துகல் மன்னர் முதலாம் மனுவேலின் பேரர். அந்த உரிமையோடு ஆல்பா பிரபுவின் படையையும் சேர்த்து அனுப்பினார். 1581இல் தோமாரில் கூடிய அவை அவரை ஏற்றது. போர்த்துகலின் சட்டங்களும் பதவிகளும் தனியாகவே இருக்கும் என்று அவர் வாக்களித்தார். இந்த இணைப்பு 1640வரை நீடித்தது.

தமிழர் வரலாற்றை இது நேரடியாகத் தொட்டது. 1619இல் யாழ்ப்பாண அரசு போர்த்துக்கேயரிடம் வீழ்ந்தபோது, லிஸ்பனின் முடியைச் சூடியிருந்தவர் மத்ரிதிலிருந்து ஆண்ட மூன்றாம் ஃபெலிப்பேதான்.

ஹாப்ஸ்பர்க் மரபு ஏன் அற்றுப்போனது?

ஹாப்ஸ்பர்க் என்பது ஹுவானாவின் கணவர் ஃபெலிப்பேயின் குடும்பம். திருமணங்களால் உலகைச் சேர்த்த அக்குடும்பம், சேர்த்ததை வெளியே விடாமலிருக்கத் தனக்குள்ளேயே மணம்புரிந்தது. மத்ரித் கிளையும் வியன்னா கிளையும் மாறிமாறிப் பெண் கொடுத்துப் பெண் எடுத்தன. இரண்டாம் ஃபெலிப்பேயின் நான்காம் மனைவி ஆனா, நான்காம் ஃபெலிப்பேயின் இரண்டாம் மனைவி மரியானா ஆகிய இருவருக்கும் மணமகன் சொந்தத் தாய்மாமன். இதில் மரியானாவின் கதை வருந்தத்தக்கது. அவர் முதலில் நிச்சயிக்கப்பட்டது இளவரசர் பல்தசார் கார்லோஸுக்கு. இளவரசர் 1646இல் பதினாறு வயதில் இறந்துவிட, 1649இல் அவருடைய தந்தையான மன்னரே, நாற்பத்து நான்கு வயதில், பதினான்கு வயது மரியானாவை மணந்துகொண்டார்.

1661இல் அவர்களுக்குப் பிறந்தவர் இரண்டாம் கார்லோஸ். 2009இல் வெளியான ஸ்பானிய மரபியல் ஆய்வு ஒன்று, பெற்றோரின் இரத்த உறவு நெருக்கத்தைக் காட்டும் எண்ணான உள்ளினக் கலப்புக் கெழுவை அவருக்கு 0.254 என்று கணக்கிட்டது. உடன்பிறந்த இருவருக்குப் பிறக்கும் குழந்தைக்கு அது 0.25. பேச்சும் நடையும் தாமதமாக வந்தன. வாழ்நாள் முழுதும் நோய். இரண்டு திருமணங்களிலும் பிள்ளை இல்லை. இருந்தும் அவர் முப்பத்தைந்து ஆண்டுகள் அரியணையில் இருந்தார் என்பதையும், தம் அரசைத் துண்டாட விடக்கூடாது என்பதில் கடைசிவரை தெளிவாக இருந்தார் என்பதையும், அவரைக் கேலிப்பொருளாக்கும் எழுத்துகள் மறந்துவிடுகின்றன.

1700ஆம் ஆண்டு உயில் ஏன் ஐரோப்பாவையே போருக்கு இழுத்தது?

கார்லோஸ் உயிரோடு இருக்கும்போதே மற்றவர்கள் அவருடைய சொத்தைப் பங்கு போடத் தொடங்கிவிட்டார்கள். உரிமை கோரியவர்கள் மூன்று தரப்பினர். முதல் தரப்பு பிரான்ஸ். கார்லோஸின் தந்தைக்கு முதல் மனைவியிடம் பிறந்த மூத்த சகோதரி மரியா தெரேசா, பதினான்காம் லூயியின் மனைவி. 1659ஆம் ஆண்டு பிரனீஸ் உடன்படிக்கையில் அவர் ஸ்பானிய உரிமையைத் துறப்பதாக ஒப்புக்கொண்டது உண்மை. ஆனால் ஐந்து லட்சம் தங்க எஸ்குதோ வரதட்சணை கொடுக்கப்பட்டால்தான் அந்தத் துறப்பு செல்லும் என்று பிரெஞ்சுத் தரப்பு வாசகம் அமைத்திருந்தது, வரதட்சணையோ வந்து சேரவில்லை. இரண்டாவது தரப்பு வியன்னா: புனித ரோமானியப் பேரரசர் லியோபோல்து தம் இளைய மகன் கார்லோஸ் என்னும் ஆஸ்திரிய இளவரசருக்காகக் கேட்டார். மூன்றாவது, பவேரியாவின் குழந்தை இளவரசர் ஹோசே ஃபெர்னாண்டோ; இவருடைய பாட்டி மார்கரீத்தா தெரேசா, கார்லோஸின் உடன்பிறந்த சகோதரி.

பவேரியக் குழந்தையே எல்லோருக்கும் ஏற்புடையது, ஏனெனில் அது யாருக்கும் பெரிய வலிமை சேர்க்காது. 1698இல் பிரான்ஸும் இங்கிலாந்தும் டச்சுக் குடியரசும் மத்ரிதைக் கேட்காமலேயே ஒரு பங்கீட்டு உடன்படிக்கை எழுதி, ஸ்பெயினைக் குழந்தைக்கும் இத்தாலியப் பகுதிகளை மற்றவர்களுக்கும் ஒதுக்கின. சினமுற்ற கார்லோஸ், முழு அரசையும் அந்தக் குழந்தைக்கே எழுதி வைத்தார். 1699 பிப்ரவரியில் குழந்தை இறந்தது. 1700இல் இரண்டாவது பங்கீடு வந்தது; இம்முறை ஸ்பெயின் ஆஸ்திரிய இளவரசருக்கு, இத்தாலியப் பகுதிகளில் பெரும்பங்கு பிரான்சுக்கு. பேரரசர் இதை ஏற்க மறுத்தார்.

மத்ரிதில் கர்தினால் போர்த்தோகரேரோவும் ஆலோசனை அவையின் பெரும்பான்மையினரும் போட்ட கணக்கு எளிமையானது. அரசு பிளவுபடாமல் இருக்க வேண்டும். அதைக் காக்கும் படைவலிமை பிரான்சுக்குத்தான் உண்டு. ஆகவே லூயியின் பேரன் ஒருவனைத் தேர்ந்தெடுப்பதே வழி. 1700 அக்டோபரில் கார்லோஸ் கையொப்பமிட்ட உயில், லூயியின் இரண்டாம் பேரனான அன்ஜூ பிரபு ஃபெலிப்பேயை வாரிசாக்கியது. இரு முடிகளும் ஒருவரிடம் சேரக்கூடாது என்றும், ஃபெலிப்பேயும் அவர் தம்பியும் ஏற்காவிட்டால் ஆஸ்திரிய இளவரசருக்குப் போகட்டும் என்றும் அதில் எழுதப்பட்டிருந்தது. லூயிக்கு வேறு வழி இருந்ததா என்பது இன்றும் விவாதிக்கப்படுகிறது. உயிலை மறுத்தால் முழு அரசும் ஆஸ்திரியாவுக்குப் போகும். ஏற்றால் தாமே கையொப்பமிட்ட பங்கீட்டை மீற வேண்டும். நவம்பர் 1ஆம் தேதி கார்லோஸ் இறந்தார். 16ஆம் தேதி வெர்சாயில் லூயி தம் பேரனை ஸ்பெயின் மன்னர் என்று அறிமுகப்படுத்தினார்.

என் பார்வையில், போருக்கு உயிலைவிட அதன் பின் லூயி நடந்துகொண்ட விதமே பெரிய காரணம். 1701இல் ஃபெலிப்பேயின் பிரெஞ்சு அரியணை உரிமை அப்படியே நீடிக்கிறது என்று பாரிஸ் நீதிமன்றத்தில் பதிவு செய்ய வைத்தார். ஸ்பானிய நெதர்லாந்தின் எல்லைக் கோட்டைகளில் டச்சுக் காவற்படைகள் இருந்த இடத்தில் பிரெஞ்சுப் படைகளை நிறுத்தினார். அதே ஆண்டு செப்டம்பரில் இங்கிலாந்தும் டச்சுக் குடியரசும் பேரரசரோடு கூட்டணி அமைத்தன.

போரில் யார் வென்றார்கள்?

அரியணையை ஃபெலிப்பே வென்றார். ஸ்பெயினுக்கு வெளியே இருந்த ஐரோப்பியப் பகுதிகளை இழந்தார். முடிவைத் தீர்மானித்தது போர்க்களம் மட்டுமல்ல, இன்னொரு சாவும்கூட. 1711இல் பேரரசர் முதலாம் ஜோசப் இறக்க, அவர் தம்பியான ஆஸ்திரிய இளவரசரே பேரரசரானார். அவருக்கு ஸ்பெயினையும் கொடுத்தால் ஹுவானாவின் மகனான பேரரசர் ஐந்தாம் கார்லோஸ் காலத்துப் பேரரசு மீண்டும் எழும் என்பதால், அவருக்காகப் போரிட்ட பிரிட்டனே ஆர்வமிழந்தது. 1713ஆம் ஆண்டு உத்ரெக்த் உடன்படிக்கையில் ஃபெலிப்பே பிரெஞ்சு உரிமையைத் துறந்தார். ஜிப்ரால்தரும் மெனோர்காவும் பிரிட்டனுக்குப் போயின. ஆஸ்திரிய இளவரசரை ஆதரித்த கத்தலோனியா தனித்து விடப்பட்டது. 1714 செப்டம்பர் 11ஆம் தேதி பார்சலோனா வீழ்ந்தது. அந்நாளே இன்று கத்தலோனியாவின் தேசிய நாள். அரகோன் முடியரசின் பழைய சட்டங்களையும் அவைகளையும் ஃபெலிப்பே ஆணைகளின் மூலம் ஒழித்தார். அரியணைச் சண்டையில் தோற்ற பக்கத்தில் நின்றதற்கு அந்நாடுகள் கொடுத்த விலை அது.

பெண்களைத் தள்ளிவைக்கும் சட்டம் எப்போது வந்தது?

1713 மே மாதத்தில். ஃபெலிப்பே தம் பிரெஞ்சுக் குடும்ப வழக்கத்தை ஒட்டி, ஆண் கிளைகள் அனைத்தும் அற்றுப்போன பிறகே பெண்ணுக்கு உரிமை என்று மாற்றினார். கஸ்தீலிய ஆலோசனை அவை தயங்கியது, மன்னர் வற்புறுத்தினார். தம் பாட்டி மரியா தெரேசா என்ற பெண் வழியாக மட்டுமே ஸ்பெயினைப் பெற்ற ஒருவர், இனி பெண் வழி கூடாது என்று சட்டம் செய்ததை என்னவென்று சொல்வது!

அதே மன்னர் 1724 ஜனவரியில் மகன் லூயிஸுக்காக முடிதுறந்தார். ஆகஸ்ட் இறுதியில் லூயிஸ் பெரியம்மையால் இறந்ததும் மீண்டும் வந்து அமர்ந்து 1746வரை ஆண்டார்.

கார்லிஸ்ட் போர்கள் எதற்காக நடந்தன?

மேற்சொன்ன 1713 சட்டம் செல்லுமா என்பதற்காக, குறைந்தபட்சம் பெயரளவில். 1789இல் நான்காம் கார்லோஸ் பழைய கஸ்தீலிய முறைக்குத் திரும்ப விரும்ப, கோர்த்தெஸ் கமுக்கமாக இசைந்தது. ஆனால் அந்த முடிவு வெளியிடப்படவில்லை. நாற்பது ஆண்டுகள் அது பெட்டியில் கிடந்தது. ஏழாம் ஃபெர்னாண்டோவுக்கு மூன்று திருமணங்களிலும் வாரிசு தங்கவில்லை; தம்பி கார்லோஸ் மரியா இசித்ரோ தமக்கே அரியணை என்று நம்பியிருந்தார். நான்காம் மனைவி மரியா கிறிஸ்தினா கருவுற்றிருந்த 1830 மார்ச்சில் மன்னர் அந்தப் பழைய முடிவை எடுத்து வெளியிட்டார். அக்டோபரில் பிறந்தது பெண் குழந்தை, இசபெல்.

1832 செப்டம்பரில் லா கிராங்ஹா அரண்மனையில் மன்னர் சாகக் கிடந்தபோது, அமைச்சர் கலோமார்தேயும் சுற்றியிருந்தவர்களும் உள்நாட்டுப் போர் வரும் என்று அச்சுறுத்தி, 1830இல் வெளியிட்ட முடிவை ரத்து செய்யும் ஆவணத்தில் கையொப்பம் வாங்கினார்கள். செய்தி கேட்டு விரைந்து வந்த அரசியின் சகோதரி லூயிசா கார்லோத்தா, அமைச்சரைக் கன்னத்தில் அறைந்ததாகவும், வெண்ணிறக் கைகள் அவமதிப்பதில்லை என்று அவர் விடையளித்ததாகவும் ஒரு கதை உண்டு. மன்னர் பிழைத்துக்கொண்டார், ஆவணத்தைச் செல்லாததாக்கினார். 1833 செப்டம்பர் 29ஆம் தேதி அவர் இறந்தபோது இசபெலுக்கு மூன்று வயதுகூட நிரம்பவில்லை.

சித்தப்பா கார்லோஸின் பக்கம் திரண்ட கார்லிஸ்டுகள் எல்லோரும் வாரிசுரிமைச் சட்டத்தைப் படித்துத் திரண்டவர்கள் அல்லர். பாஸ்க் நாடும் நவார்ராவும் தங்கள் பழைய உரிமைச் சாசனங்களைக் காக்க விரும்பின. திருச்சபையின் ஒரு பகுதி தாராளவாதிகளை அஞ்சியது. கிராமப்புறம் நகரத்தின் மீது சினம் கொண்டிருந்தது. மறுபுறம் ஆட்சிப் பொறுப்பாளராக இருந்த தாய் மரியா கிறிஸ்தினா, கொள்கையால் தாராளவாதி அல்லர். மகளின் அரியணையைக் காக்கத் தாராளவாதிகளைத் தவிர வேறு ஆளில்லை. 1839இல் வெர்காராவில் இரு தளபதிகளும் தழுவிக்கொண்டார்கள், 1840இல் முதற்போர் ஓய்ந்தது. 1846இலும் 1872இலும் மீண்டும் மூண்டு, 1876இல்தான் முடிவுக்கு வந்தது.

நாடாளுமன்றம் வாக்களித்து மன்னரைத் தேர்ந்தெடுத்தது உண்டா?

உண்டு. 1868 புரட்சியில் இசபெல் பிரான்சுக்கு ஓடிய பின், தளபதி பிரிம் ஐரோப்பா முழுவதும் மன்னர் தேடினார். ஜெர்மானிய இளவரசர் லியோபோல்து ஹோஹென்சோலர்னின் பெயர் அடிபட்டதே 1870இல் பிரான்சுக்கும் பிரஷ்யாவுக்கும் இடையே போர் வெடிக்கக் காரணமாயிற்று. இறுதியில் 1870 நவம்பர் 16ஆம் தேதி, 191 வாக்குகள் பெற்று இத்தாலிய இளவரசர் அமதேயோ தேர்வானார். கூட்டாட்சிக் குடியரசு வேண்டும் என்று 60 பேர் வாக்களித்தார்கள். அவர் கார்த்தஹேனாவில் கரையிறங்கிய டிசம்பர் 30ஆம் தேதியே, மூன்று நாள் முன்பு சுடப்பட்டிருந்த பிரிம் உயிரிழந்தார். ஆதரவாளரை இழந்த மன்னர் 1873 பிப்ரவரியில் முடிதுறந்து ஊர் திரும்பினார். வாக்குகள் அவருக்கு அரியணையைக் கொடுத்தன, ஆட்களைக் கொடுக்கவில்லை.

பிறக்காத குழந்தைக்காக அரியணை காத்திருந்தது உண்மையா?

உண்மை. 1885 நவம்பரில் இரண்டாம் இசபெலின் மகனான மன்னர் பன்னிரண்டாம் அல்ஃபோன்சோ இறந்தபோது இரண்டு மகள்கள் இருந்தார்கள், மனைவி கருவுற்றிருந்தார். மூத்த மகள் மெர்ஸேதெஸை அரசியாக்கிப் பிறகு மகன் பிறந்தால் இறக்குவதா என்ற சிக்கலைத் தவிர்க்க, யாரையும் அறிவிக்காமல் தாயையே ஆட்சிப் பொறுப்பில் வைத்தார்கள். 1886 மே 17ஆம் தேதி பிறந்த பதின்மூன்றாம் அல்ஃபோன்சோ பிறக்கும்போதே மன்னர். சில ஆண்டுகள் ஸ்பெயினின் நாணயங்களில் குழந்தை முகம் அச்சாகியது.

சர்வாதிகாரி ஃபிராங்கோ ஏன் மகனைத் தாண்டிப் பேரனைத் தேர்ந்தெடுத்தார்?

1931இல் நாட்டைவிட்டு வெளியேறிய பதின்மூன்றாம் அல்ஃபோன்சோவின் மூத்த மகன் 1933இல் அரச குடும்பம் சாராத பெண்ணை மணக்க உரிமையைத் துறந்தார். செவித்திறன் இழந்த இரண்டாம் மகன் ஹைமேயும் துறந்தார். உரிமை மூன்றாம் மகன் ஹுவானிடம் வந்தது. 1947இல் ஃபிராங்கோ ஸ்பெயின் ஒரு முடியரசு என்று சட்டம் செய்தார், மன்னரை மட்டும் அறிவிக்கவில்லை. ஆண், ஸ்பானியர், கத்தோலிக்கர், முப்பது வயது நிரம்பியவர் என்ற தகுதிகளை வைத்து, பெயர் சொல்லும் உரிமையைத் தம்மிடமே வைத்துக்கொண்டார். 1945இல் லோசானிலிருந்து தம்மைப் பதவி விலகச் சொல்லி அறிக்கை விட்ட ஹுவானை அவர் மன்னிக்கவில்லை. ஹுவானின் மகன் ஹுவான் கார்லோஸை ஸ்பெயினுக்கு வரவழைத்து, தம் கண்பார்வையில் படிக்க வைத்து, 1969 ஜூலையில் தம் வாரிசாக அறிவித்தார்.

அந்த ஏற்பாட்டின்படி ஹுவான் கார்லோஸ், தந்தை உயிரோடிருக்கும்போதே, ஃபிராங்கோ இறந்த இரண்டாம் நாள், 1975 நவம்பர் 22ஆம் தேதி மன்னரானார். தந்தை தம் உரிமையை முறைப்படி விட்டுக்கொடுத்தது 1977 மே மாதத்தில்தான். சர்வாதிகாரி கொடுத்த சட்டப்படியான பதவிக்குத் தந்தை மரபுரிமையைச் சேர்த்தார், 1978இல் மக்கள் வாக்கெடுப்பு மூன்றாவதாக ஓர் அடித்தளத்தைக் கொடுத்தது. ஃபிராங்கோவின் ஆட்சிமுறையை அவர் அப்படியே தொடராமல் தேர்தலுக்கு வழிவிட்டது, தேர்ந்தெடுத்தவர் எதிர்பார்த்த விளைவு அல்ல.

2014இல் முடிதுறப்பு எப்படி நடந்தது?

முடிதுறப்புகளைத் தனிச் சட்டத்தால் தீர்க்க வேண்டும் என்று 57ஆவது பிரிவு சொல்கிறது. அப்படிப்பட்ட சட்டம் எதுவும் அதுவரை இயற்றப்பட்டிருக்கவில்லை. ஜூன் 2ஆம் தேதி ஹுவான் கார்லோஸ் அறிவித்ததும், அவருக்காகவே ஒரு சட்டம் அவசரமாக எழுதப்பட்டு, கீழவையில் 299 வாக்குகளுடன் நிறைவேறியது. ஜூன் 19ஆம் தேதி ஆறாம் ஃபெலிப்பே அரியணை ஏறினார். தந்தையின் பணவிவகாரங்கள் வெளிவந்த பின், 2020 மார்ச்சில் அவரிடமிருந்து வரும் சொத்து தமக்கு வேண்டாம் என்று ஃபெலிப்பே அறிவித்தார். அதே ஆண்டு ஆகஸ்டில் ஹுவான் கார்லோஸ் அபுதாபிக்குச் சென்றார்.

இன்று எதிர் உரிமை கோருபவர்கள் இருக்கிறார்களா?

கார்லிஸ்ட் நேர்வழி 1936இல் வியன்னாவில் முடிந்தது. அதன் பின் வந்த கோரிக்கைகளுக்கு அரசியல் எடை இல்லை. உரிமையைத் துறந்த ஹைமேயின் பேரர் லூயிஸ் அல்ஃபோன்சோ, தாய் வழியில் ஃபிராங்கோவின் கொள்ளுப்பேரர். அவருடைய ஆதரவாளர்கள் அவருக்காகக் கேட்பது ஸ்பெயின் அரியணையை அல்ல, பிரான்சில் இல்லாத அரியணையை.

லியோனோர் அரியணை ஏறினால் சிக்கல் தீர்ந்துவிடுமா?

2023 அக்டோபர் 31ஆம் தேதி, பதினெட்டு வயது நிரம்பிய நாளில், லியோனோர் நாடாளுமன்றத்தில் அரசமைப்பின்மீது உறுதிமொழி எடுத்தார். அவர் ஆட்சிக்கு வந்தால், 1868இல் வெளியேறிய இரண்டாம் இசபெலுக்குப் பிறகு தம் சொந்த உரிமையில் ஆளும் முதல் பெண் அவரே. ஆனால் 57ஆவது பிரிவு அதற்குள் மாறாவிட்டால், லியோனோருக்கு முதலில் ஒரு மகளும் பிறகு ஒரு மகனும் பிறக்கும்போது, எலேனாவைத் தாண்டி ஃபெலிப்பே வந்ததுபோல, அந்தத் தம்பியே அடுத்த மன்னர் ஆவார்.